பாதி வளைவு

வாடகைக்கு வந்த காகிதம்.
வியன்னாவிலிருந்து பதிவுத் தபாலில் பழுப்பு உறை,
அதற்குள் எனக்கென்று பதினான்கு பக்கம்:
ஸ்நேர் முரசு, முக்கோணம், ஒரே ஓர் இடத்தில் சாட்டை.
மீதியெல்லாம் மௌனக்குறி.
எண்பத்தேழு கட்டம் சும்மா நிற்பதற்கும் சம்பளமா என்பான்
ஓஸ்ட்ராவாவில் ட்ராம் ஓட்டும் என் தம்பி.
சும்மா இல்லை, எண்ணிக்கொண்டு நிற்கிறேன் என்றால்
நானும்தான் சிவப்பு விளக்குகளை எண்ணுகிறேன் என்பான்.

தோலுக்குக் குறில் மட்டுமே தெரியும்.
தட்டினால் முடிந்தது.
நெடில் வேண்டுமென்றால்
நூறு குறில்களை நெருக்கி வைத்துக் காதை ஏமாற்ற வேண்டும்.
குச்சியை லேசாக அழுத்திவிட்டால் தானே துள்ளும்,
அந்தத் துள்ளல் சாகுமுன் மற்றக் கை வந்துவிட வேண்டும்.
செக் மொழியில் உயிரெழுத்தை நீட்ட
அதன் தலைமேல் ஒரு சாய்கோடு இடுவோம்.
முரசுக்கு மூன்று, தண்டின் குறுக்கே.
வேகமான இசையில் அதன் பொருள்: எண்ணாதே, உருட்டு.
மெதுவானதில் சிலருக்கு: ஒன்றுக்கு எட்டாக எண்ணி அடி.
இரண்டுக்கும் நடுவிலென்றால்
எழுதியவரைத்தான் கேட்க வேண்டும்.
இவர் இறந்துவிட்டார்.

இருநூற்றுப் பன்னிரண்டாம் கட்டம்.
வரியின் கடைசி.
உருட்டல் மெலிந்துகொண்டே போகிறது,
அடுத்த சுரத்தோடு அதைக் கட்ட
ஒரு வளைகோடு கிளம்பி ஓரத்தைத் தொடுகிறது.
அடுத்த வரியில் வந்து சேரவில்லை.
பாதி வளைவு.
ரயில் ஏறியவள் இறங்கக் காணோம்.
வளைவு உண்டென்றால் உருட்டல் அப்படியே கரையும்,
இல்லையென்றால் முடிவில் ஓர் அடி தனியாக விழும்.

கிராட்ஸ்காரர் நீலப் பென்சிலில் மறுபாதியை வரைந்திருக்கிறார்.
போஸ்னானில் யாரோ அதைக் குறுக்கே வெட்டி
"அடி!" என்று எழுதி
இரண்டு முறை அடிக்கோடு இட்டிருக்கிறார்.
துர்க்குவில் வாசித்தவர் இரண்டையும் அழிக்கப் பார்த்து, முடியாமல்,
ஒரு கேள்விக்குறி போட்டுவிட்டுப் போய்விட்டார்.
அழித்து அழித்து அங்கே தாள் மெலிந்து
விளக்கில் பிடித்தால்
பின்பக்கத்து முக்கோணம் தெரிகிறது.

ஒத்மாரிடம் கேட்டேன்.
முழு இசைப்பிரதியைத் திறந்தார். அங்கே அதே இடத்தில் பக்கம் திரும்புகிறது.
"உங்கள் விருப்பம், விளாஸ்தா" என்றார்,
நடத்துநர்கள் பதில் தெரியாதபோது காட்டும் பெருந்தன்மையோடு.
டிம்பனி வாசிக்கும் புரியான் "அடி" என்றான்.
சாப்பிட்டுவிட்டு வந்து "அடிக்காதே" என்றான்.

வியாழன் இரவு. வெளியே சேறாகிப்போன பனி,
அரங்கம் முழுக்க ஈரக் கோட்டுகளின் வாடை.
எண்பத்தேழு எண்ணினேன்.
உருட்டினேன், இரண்டு கையும் ஒரே கையாகும்வரை,
தோலின் நடுவிலிருந்து விளிம்புக்கு நகர்ந்து
மூச்சளவுக்கு, மூச்சுக்கும் கீழே.
இன்னும் தீர்மானம் எடுத்திருக்கவில்லை.
வரியின் ஓரம் வந்தது.
குச்சிகளை உயர்த்தினேன்.
இறக்க மறந்தேனா மறுத்தேனா
இன்றுவரை தெரியாது.
அப்போது
செல்லோக்களின் பின்வரிசையில் யார்மிலாவின் மியூட் நழுவி
பலகைத் தரையில் விழுந்தது.
டொக்.
மிகச் சரியாக முதல் தட்டில்.
மிகச் சரியான மென்மையில்.

ஒத்மார் என்னைப் பார்த்துத் தலையசைத்தார்.
இடைவேளையில் புரியான் தோளைத் தட்டி
"விளிம்புச் சட்டத்தில் அடித்தாயா? அழகு" என்றான்.
நான் மறுக்கவில்லை.
யார்மிலா முகம் சிவந்து,
திறந்தே இருந்த ரோஸின் டப்பாவைத்
திறக்கப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பென்சில் குறிகளை அழித்துத்தான் திருப்ப வேண்டும்,
இல்லையேல் அபராதம் என்கிறது வியன்னாவின் கடிதம்.
என் எண்களை அழித்தேன்.
நடத்துநரைப் பார் என்று எனக்கே வரைந்துகொண்ட
மூக்குக்கண்ணாடியை அழித்தேன்.
இருநூற்றுப் பன்னிரண்டில் ரப்பரை வைக்கவில்லை,
வைத்தால் கிழியும்.
கடைசிப் பக்கத்தின் அடியில்
கிராட்ஸ், போஸ்னான், துர்க்கு என்று
தேதியோடு கையெழுத்திட்டவர்களுக்குக் கீழே எழுதினேன்:
ஓஸ்ட்ராவா, மார்ச். ஸ்நேர்: விளாஸ்தா.
இருநூற்றுப் பதின்மூன்று, முதல் தட்டு: செல்லோ.

ரப்பர் துகளை ஊதிவிட்டு உறையை ஒட்டினேன்.