கணக்கில் வராத நாள்

கெஸ்மார் துறையில் மாதங்கள் பதின்மூன்று.
பூட்டு மாதம், வலை மாதம், சேற்று மாதம்,
நண்டு சட்டை உரிக்கும் மாதம்,
கடன் கேட்கக் கூடாத மாதம்.
கடைசியாகச் சொன்னது மிகச் சிறியது,
ஒன்பதே நாள்.

பெரிய நிலா ஒழுங்கானது.
வரும், முத்திரை குத்தும், போகும்.
சின்னதுதான் தொல்லை.
ஒவ்வொரு சுற்றிலும் கொஞ்சம் பிந்தும்,
ஒரு மீனுக்கு முள்ளெடுக்கும் நேரம்.
பதினோரு ஆண்டில் அந்த நேரமெல்லாம் திரண்டு
பூட்டு மாதத்துக்கும் வலை மாதத்துக்கும் நடுவே
முழுதாய் ஒரு நாள் ஆகிவிடும்.

அந்த நாளுக்கு எண் இல்லை.
பேரேட்டில் அதற்கென்று ஒரு சாம்பல் தாள்,
கோடு போடாதது.
அன்று வட்டி ஏறாது.
அன்று நடந்தது எதுவும் நடந்ததில்லை.
இர்னாவின் இரட்டையரில் முந்திப் பிறந்தவள்
நள்ளிரவுக்குச் சற்று முன்னால் பிறந்துவிட்டாள்.
பிந்தியவளுக்கு இருபது முடிந்து கல்யாணமும் ஆயிற்று.
மூத்தவளுக்கு வயதே தொடங்கவில்லை.
அன்று மூழ்கிய ஒசெக்கின் தோணிக்கு
அவன் மகள் இன்னும் துறைக்கட்டணம் கட்டுகிறாள்.

நான் நாள்மனையில் மூன்றாம் எழுத்தன்.

ஹுல்மே என்னைவிட்டுப் போனதும்
அப்படியொரு நாளில்தான்.
தெரிந்தே தேர்ந்தெடுத்தாளா?
எழுத்தன் பெண்டாட்டிக்குத் தெரியாமலா இருக்கும்.
அடுப்பிலிருந்த பானையை இறக்கி வைத்துவிட்டு
உப்புப் படகில் ஏறினாள்.
சாம்பல் தாளில் என் கையாலேயே எழுதினேன்:
ஒருத்தி, அக்கரைக்கு.

சட்டப்படி அவள் போகவில்லை.
ஒன்பது ஆண்டாய் இரண்டு தலைக்கு வரி கட்டினேன்.
வரிக்காரன் கேட்பான், வீட்டில் சுகமா?
சுகம் என்பேன்.
பொய்யில்லை. பேரேட்டைப் புரட்டிப் பார்க்கட்டும்.

இந்தச் சேற்று மாதம்
வட்டிக்கடைக்காரர்கள் மனுக் கொடுத்தார்கள்,
ஒரு நாள் வட்டி வீணாகிறதென்று.
மன்றம் கூடியது. மீன் தின்றது. கை தூக்கியது.
நாள் ஒழிந்தது.
சின்ன நிலாவுக்கு யாரும்
தகவல் சொன்னதாகத் தெரியவில்லை.

பழைய சாம்பல் தாள்களில் உள்ளதை எல்லாம்
மறுநாள் தேதிக்கு மாற்றி எழுதும் வேலை
என் தலையில் விழுந்தது.

இர்னாவின் மூத்தவளுக்கு
ஒரே கையெழுத்தில் இருபது வயது கொடுத்தேன்.
வாசற்படியில் நின்று கேட்டாள்,
இனிமேல் எல்லாவற்றையும்
வேகமாகச் செய்ய வேண்டுமா?
எனக்குப் பதில் தெரியவில்லை.
ஒசெக்கை முறைப்படி மூழ்கடித்தேன்.
அவன் மகள் ஒரு கூடை சிப்பி கொண்டுவந்தாள்.
வாங்கலாமா கூடாதா என்று யோசித்தபடியே
வாங்கிக்கொண்டேன்.

கடைசித் தாள். கடைசி வரி.
மை கரைத்தேன்.
கெட்டியென்று மறுபடி கரைத்தேன்.
முதல் எழுத்தர் தெவ்ரான் கொட்டாவி விட்டு,
எரிகிற எண்ணெய் அரசாங்கத்துடையது என்றார்.

எழுதினேன்.
வலை மாதம், முதல் நாள்: ஒருத்தி, அக்கரைக்கு.
தேதிப்படி ஒன்பது ஆண்டுக்கு முன்.
என் கைக்குத் தெரிந்தவரை
அன்று மாலை.

அடுத்த வாரம் வரிக்காரன் வந்தான்.
வீட்டில் சுகமா என்று கேட்கவில்லை.
மடியை அவிழ்த்து,
அதிகம் கட்டியது திரும்புகிறது என்று
செப்புக் காசு பதினெட்டை
ஒவ்வொன்றாய் எண்ணி வைத்தான்.
ஒன்று மட்டும் உருண்டு
அடுப்புக்குக் கீழே எங்கோ போயிற்று.

பதினெட்டும் வந்ததென்றே எழுதிக்கொள், போ என்றேன்.
கையில் வராததை எப்படி எழுதுவது என்றான்.
நியாயம்தான்.
இருவரும் முழங்காலிட்டுத் தடவினோம்.
பானையை நகர்த்தினோம்.
சாம்பலை வாரிப் பார்த்தோம்.
இருட்டிவிட்டது.

கொஞ்சம் வெளிச்சம் கிடைக்கும் என்று
எழுந்து போய்க் கதவைத் திறந்தேன்.
பெரியது ஏற்கெனவே இறங்கிவிட்டிருந்தது.
சின்னது
இன்னும் வரவில்லை.