மொழிபெயர்ப்பாளனுக்கு இருபது நிமிட ஓய்வு

ஒன்பது மணிக்குத் தூலே மரம்.
பத்தேகாலுக்கு நெசவு.
பன்னிரண்டுக்கு மெஸ்கால் காய்ச்சுமிடம்,
அதன்பின் யாருக்கும் மணி நினைவிருப்பதில்லை.
வேனில் பதினோரு பேர். ஒருவருக்கு வயிறு சரியில்லை.

நான் பால்தொமேரோ, வஹாகா நகரத்துக்காரன்.
ஸ்பானிஷும் ஆங்கிலமும் எனக்குச் சோறு போடுகின்றன.
சபோடெக் தெரியாது.
ஒன்பது வருடமாக, வாரத்துக்கு நான்கு தடவை
இந்த முற்றத்தில் நிற்கிறேன்.
நிஸ் என்றால் தண்ணீர்.
அது ஒன்றுதான் ஒட்டிக்கொண்டது.

எஃப்ரோசினா அம்மிமுன் மண்டியிட்டிருக்கிறாள்.
கள்ளிமடலில் சுரண்டிய சாம்பல்நிறப் பூச்சி
குழவி ஒருமுறை போய்வந்தால் ரத்தம்.
எலுமிச்சை பிழிந்தால் ஆரஞ்சு.
சோடாவுப்பு தூவினால் கத்தரிப்பூ.
ஆ என்பார்கள். என்றைக்கும் ஆ என்பார்கள்.
அந்த ஆவுக்கு முன்னால் ஒரு மூச்சு நிறுத்த வேண்டும்.
அவள் என்னிடம் கற்றாளா
நான் அவளிடம் கற்றேனா, மறந்துவிட்டது.

நடுவில் தறியிலிருக்கும் நாத்தனாரிடம்
தன் மொழியில் ஏதாவது சொல்வாள்.
"என்ன சொன்னார்?" என்று கேட்காத கூட்டம் கிடையாது.
"இந்தச் சிவப்பு மலைக்கு நாங்கள் வைக்கும் காணிக்கை என்கிறார்"
என்பேன்.
சில நாள்,
"இந்தப் பூச்சி மின்னலுக்குப் பிறந்ததாம்."
மின்னல் சொன்ன முதல்நாள் ஐந்து கம்பளம் போயிற்று.
என் தட்டில் இரண்டு தமால் கூடுதலாக விழுந்தது.

இன்று
மிதிகட்டையிலிருந்து காலெடுக்காமலே
தெயோபிலா நாலு வார்த்தை சொன்னாள்.
கூட்டத்தின் கடைசியில் தொப்பி போட்ட பெண்
சிரித்துவிட்டாள்,
தும்மலை அடக்கப்போய்த் தோற்ற மாதிரி.

குழவி நின்றது.
ஓடம் பாவுக்குள்ளேயே நின்றது.

என் பட்டியலில் அவள்:
லிஸ்பெத். லாஸ் ஏஞ்சலிஸ். இறைச்சி வேண்டாம்.

எஃப்ரோசினா கேட்டது சின்னக் கேள்வி.
லிஸ்பெத் பதில் சொன்னாள்
இருட்டில் சுவிட்சைத் தடவுகிறவள் போல.
இருவரும் ஒரே நேரத்தில் திருத்தினார்கள்.
ஓர் ஊர்ப்பெயர் காதில் விழுந்தது,
ஞாயிற்றுச் சந்தைக்கும் அப்பால் இருக்கிற ஊர்.
பிறகு ஓர் ஆள்பெயர். அதற்கு மூன்று "ஓ".
பிறகு மூவரும் கையால் ஏதோ உயரம் காட்டினார்கள்.
பிள்ளையா, ஆடா, மதில்சுவரா,
எனக்கெப்படித் தெரியும்.

"என்ன சொல்கிறார்கள்?" என்றார் டச்சுக்காரர்.
"தெரியவில்லை" என்றேன்.
ஒன்பது வருடத்தில் அந்தச் சொல்லை
இங்கே ஒருதடவையும் ஆங்கிலத்தில் சொன்னதில்லை.
இதுவும் நிகழ்ச்சிதான் போல என்று
அவர் காணொளி எடுத்தார்.

வேலையில்லாமல் முற்றத்தைப் பார்த்தேன்.
அண்டாவில் மாதுளந்தோல் கொதித்தது.
ஒரு வான்கோழி அவுரிச் சாடியைச் சுற்றிவந்தது,
அதன் ஒரு கால் நீலம்.
சுவரில் வைஃபை கடவுச்சொல், சாக்கட்டியில்.
வயிறு சரியில்லாதவர் என்னைத் தேடினார்,
அவருக்கு மட்டும் நான் தேவைப்பட்டேன்.

வேன் ஏறும்போது லிஸ்பெத் மடியில்
துணியில் சுற்றிய ஏதோ இருந்தது, சுடச்சுட.
விலைச்சீட்டு இல்லை.

மெஸ்காலுக்குப் போகும் வழியில், மெதுவாக,
எதற்குச் சிரித்தாய் என்றேன்.

"கோபப்படாதீர்கள்.
'இன்றைக்கு மலையா, மின்னலா?' என்று கேட்டார்.
பந்தயமாம்.
மலை என்றால் எஃப்ரோசினா பாத்திரம் கழுவ வேண்டும்,
மின்னல் என்றால் தெயோபிலா."

அவர்களுக்கு ஆங்கிலம்...

"சாந்தா மோனிகாவில் ஏழு வருடம்
ஓட்டல் படுக்கை விரித்தவராயிற்றே.
நீங்கள் நன்றாகத்தான் சொல்வீர்களாம்.
நீங்கள் பேசினால் அவருக்கு வாய் மிச்சமாம்."

பதினோரு பேரும் கைப்பேசியில்
சிவந்த உள்ளங்கையைப் படம் பிடித்துக்கொண்டிருந்தார்கள்.
டிரைவர் எபிகேனியோ கண்ணாடியில் என்னைப் பார்த்துவிட்டுச்
சட்டென்று ரோட்டைப் பார்த்தான்.
அவனுக்கும் தெரிந்திருக்கிறது.

இன்று நான்
மலையும் சொல்லவில்லை, மின்னலும் சொல்லவில்லை.

அந்தப் பாத்திரங்கள் அப்படியே கிடக்கும்.