ஒரு டெராபைட், இரண்டு சக்கரம்

செவ்வாய்க்கிழமை காலைகளில்
என் முதுகுப்பையில் உலகம் இருக்கும்.
மேலே ரேஷன் ரொட்டி,
அடியில் துண்டில் சுற்றிய ஹார்ட் டிஸ்க்.
போலீஸ்காரர் திறந்தால் ரொட்டியைத்தான் பார்ப்பார்.
அவர் வீட்டுக்கும் வெள்ளிக்கிழமை நான்தான் போவேன்
என்பது வேறு விஷயம்.

கடற்கொள்ளையர் வழி தவற வேண்டுமென்றே
கமாகுவேயின் சந்துகளை வளைத்துக் கட்டினார்களாம்.
இணையமும் எங்கோ ஒரு முக்கில்
தவறான பக்கம் திரும்பியிருக்க வேண்டும்.
வந்து சேரவில்லை.
ஆகவே நான் வந்தேன், சைக்கிளில்.

பல்மருத்துவர் ஒடாலிஸுக்குத் துருக்கித் தொடர்,
எழுபத்திரண்டு முதல் எழுபத்தாறு வரை.
வெல்டர் எவெலியோவுக்குப் பேஸ்பால்,
தோற்ற ஆட்டங்கள் வேண்டாம்.
மூன்றாம் மாடி இரட்டையருக்குக் கொரிய நடனம்.
விரற்கடை அளவு பென் டிரைவை நீட்டுவார்கள்,
பதினாறு ஜிபி.
பிறகு வீட்டுக்குள் சண்டை தொடங்கும்:
எதை அழிப்பது?
போன வாரம் பாதியில் விட்ட கொலையையா,
மகளின் பதினைந்தாம் பிறந்தநாளையா?
நான் கதவில் சாய்ந்து
அவர்கள் தந்த காப்பியைக் குடித்தபடி காத்திருப்பேன்.
பாதிரியாருக்குக்கூட இவ்வளவு தெரிந்திருக்காது.

எவெலியோவின் மனைவி செத்த வாரம்
பேஸ்பாலுக்கு நடுவே
கேட்காத ஒரு சிரிப்புப் படத்தைச் செருகினேன்.
ஒன்றும் சொல்லவில்லை அவர்.
அடுத்த வாரம் டிரைவை நீட்டி
"அது மாதிரி இன்னொண்ணு" என்றார்,
என் முகத்தைப் பார்க்காமல்.

ஏழு வருஷம்.
மீதியை என் வலது முழங்காலிடம் கேளுங்கள்.

ஒரு டிசம்பரில்
போனுக்குள்ளேயே டேட்டா வந்தது.
'இனி வேண்டாம்' என்று யாரும் சொல்லவில்லை.
"அடுத்த வாரம் வா, யோர்தான்கா" என்றார்கள்,
கடன் கேட்டு வந்தவளிடம் சொல்வதுபோல.
ராத்திரி இரண்டு மணிக்கு எவெலியோவுக்கு எது வேண்டுமென்று
இப்போது அவர் போனுக்கே தெரியும்.
பொறாமை இல்லை என்று சொல்லமாட்டேன்.
நானும்தான் போர்வைக்குள்
மீன் வெட்டுகிற யாரோ ஒருவனை
மணிக்கணக்காகப் பார்க்கிறேன்.

நேற்று பதினாறு மணி நேரம் கரண்ட் இல்லை.
புழுக்கத்தில் தெருவே வாசலுக்கு வந்திருந்தது,
ஆளுக்கொரு முழம் நீல வெளிச்சத்தோடு.
ஒடாலிஸ் படியில் உட்கார்ந்து
கட்டைவிரலால் தள்ளிக்கொண்டே இருந்தாள்.
"என்ன பாக்கிறே?"
"இன்னும் முடிவு பண்ணல."
நாற்பது நிமிஷம் தள்ளினாள்.
பிறகு போன் செத்தது.

இருட்டில் அவள் குரல் மட்டும்:
"அந்தத் துருக்கிக்காரி இருந்தாளே,
கடைசியில அவனை மன்னிச்சாளா?"

சுமந்ததோடு சரி, நான் பார்த்ததில்லை.
"இல்ல" என்றேன்.
"அவன் அம்மா கால்ல விழுந்தும் மன்னிக்கல."
"எத்தனாவது எபிசோடு?"
"நூத்திப் பதினொண்ணு."

படியில் நகர்ந்து இடம் விட்டாள்.
ஒவ்வொரு ஃபைலாக நகலெடுத்தவள் நான்,
அந்தத் தொடர்
நூற்றெட்டோடு முடிந்துபோனது.