இரவுக் கட்டணம்

ஒன்பது மணிக்கு மேல் எங்கள் மருந்துக்கடைக் கதவு திறக்காது.
கதவில், நெஞ்சு உயரத்தில், ஒரு சின்னச் சாளரம்.
கை நுழையும். முகம் நுழையாது.
அதன் வழியே எது போனாலும்
இரண்டரை யூரோ கூடுதல்.
சட்டம் அது. சாளரத்துக்கு மேலேயே ஒட்டியிருக்கிறது.

நைஸே ஆற்றுக்கு அந்தப் பக்கம் போலந்து,
இந்தப் பக்கம் நாங்கள்.
நவம்பரில் இரண்டு கரையும் தெரிவதில்லை.

பன்னிரண்டேகாலுக்கு மணியடித்தவர் ஹைக்கோ வுட்கே.
கூரை வேய்கிறவர்.
என் புகைபோக்கி ஒழுகியபோது
ஞாயிற்றுக்கிழமை என்றும் பாராமல் ஏறியவர்.
இப்போது இருட்டில் மினுங்கும் பட்டை போட்ட சட்டை,
முதுகில் ‘ஊர்க்காவல்’ என்று அச்சு.
பின்னால் மூன்று பேர், கைவிளக்குகள்,
ஒரு நாய். அது என்னைப் பார்த்து வாலை ஆட்டியது.

முட்டி பெயர்ந்துவிட்டது என்று விரல்களை நீட்டினார்.
எதில் பட்டது என்று அவர் சொல்லவில்லை.
நான் கேட்கவில்லை.
கட்டுத்துணி கடைசிப் பெட்டி, உள்ளே இரண்டு சுருள்.
பிரித்து ஒன்றைக் கொடுத்தேன்.
பணப்பையை இடக்கையால் தடவித் திணறினார்.
“அந்த இரண்டரையை விடுங்கள்,
ஊருக்காகக் கண்விழிக்கிறீர்கள் நீங்கள்.”

இதைச் சொன்னது நான்தான்.
வேறு யாரோ சொன்னதாக எழுதிப் பார்த்தேன்,
நாலைந்து முறை.
வரவில்லை.

இரண்டு மணி இருக்கும். மணி அடிக்கவில்லை,
கண்ணாடியைத் தட்டும் ஓசை.
சாளரத்தில் ஒரு கறுத்த கை,
நகக்கண்களில் மாவு.
“கண்” என்றது குரல்.
மறுபடி “கண்.”
உச்சரிப்பில் பிழையில்லை.
மொழி வகுப்பில் உடலுறுப்புகள்தான் முதல் பாடம்.

குனிந்து பார்த்தேன். பார்த்திருக்க வேண்டாம்.

“முதலில் காசைக் கொடு.”
கொடு. அப்படித்தான் வந்தது வாயில்.
அங்கே நீங்கள், இங்கே நீ.
நாக்குக்குத் தெரிந்திருக்கிறது எங்கே வளைவதென்று.

சில்லறையை ஒவ்வொன்றாக வைத்தான்,
ஒற்றைக் கண்ணால் எண்ணி.
சுருளின் விலை, கட்டணம் இரண்டரை,
பத்து சென்ட் குறைந்தது.
ஒரு பையில் தேடினான், இன்னொரு பையில் தேடினான்.
நான் காத்திருந்தேன்.
அவன் கண்டெடுக்கும்வரை காத்திருந்தேன்.

ஆம்புலன்ஸ் கூப்பிடட்டுமா என்றதற்கு
“மூன்று மணிக்கு வேலை” என்றான்,
நேரமாகிவிட்டதற்கு என்னிடம் மன்னிப்புக் கேட்பவன்போல.

அப்போதுதான் புரிந்தது யாரென்று.
ட்ரெஷர் ரொட்டிக்கடைக் கண்ணாடியில்
‘எங்கள் புதிய பயிற்சியாளர்’ என்று படம், கீழே பெயர்.
தெஸ்ஃபாலெம்.
எட்டு மாதமாக அதன் முன்னால் வரிசையில் நிற்கிறேன்.
ஒருமுறைகூட வாய்விட்டுப் படித்ததில்லை.

தெருக்கோடியில் கைவிளக்குகள் திரும்பின.
நாய் குரைத்தது. இந்த முறை வாலாட்டிய நாயின் குரல் இல்லை அது.
அவனும் பார்த்தான், நானும் பார்த்தேன்.
நடுவில் நெஞ்சு உயரச் சாளரம்.
கதவின் சாவி என் மேலங்கிப் பையில்தான் இருந்தது.

சாளரத்தை இழுத்தேன்.
க்ளிக்.

அப்புறம் காலடிகள். ஒருவனுடையதா, நாலு பேருடையதா,
சொல்லத் தெரியவில்லை.
குளிர்பதனப் பெட்டி உறுமிக்கொண்டிருந்தது,
அதன்மேல் பழி போடுகிறேன்.

ஏழு மணிக்கு ரொட்டிக்கடை திறந்தது, என்றும்போல.
உள்ளே அடுப்பு எரிந்தது. ரொட்டி இருந்தது.
ஆகவே அவன் வந்து சேர்ந்தான், என்று
எனக்கு நானே கணக்குப் போட்டுக்கொண்டேன்.
எனக்கு முன்னால் ஹைக்கோ,
வெள்ளைச் சுருள் சுற்றிய கையில் சூடான பை.
“இன்றைக்கு அடி கருகியிருக்கிறது” என்றார்.
கல்லாப் பெண் அவர் கையைப் பார்த்தாள்,
பிறகு உள்ளே தொங்கும் மாவு படிந்த திரையை,
பிறகு என்னை.

இரவில் வாங்கிய அந்த இரண்டரையை
தனியாக எடுத்து வந்திருந்தேன்.
திரைக்கு அந்தப் பக்கம் கொடுத்துவிடுவதென்று,
பெயர் சொல்லிக் கூப்பிட்டு.

“அடுத்தது?” என்றாள்.
நாலு ரொட்டி என்றேன்.
இரண்டு யூரோ நாற்பது.

மீதி பத்து சென்ட்டை
தட்டில் வைத்தாள், கையில் தரவில்லை.