அணைப்பு

எங்கள் அம்மைக்கு விளக்கேற்றக் கூடாது.
முதல் விதி அது.
இரண்டாவது விதியை இன்னும் யாரும் சொல்லவில்லை.

ரெலாவ் அடுக்குமாடியில் லிப்ட்
பதினேழோடு நின்றுவிடும்.
மிச்சத்தை முழங்கால்தான் ஏறவேண்டும்.
தண்ணீர்த் தொட்டிக்கும்
துருப்பிடித்த ஆஸ்ட்ரோ தட்டுகளுக்கும் நடுவில்
ஒரு சிமெண்டுக் கல்,
அதன்மேல் விரித்த கையகலத்தில்
மயில்கழுத்து நிறத்தில் ஒரு வட்டத் தகடு.
அதுதான் உடுவம்மை.

வரலாறு கேட்டால் கோகிலவாணி சொல்வாள்:
ஆதியில் இருட்டு.
இருட்டுக்கு ஒரு மடி.
மடி இருந்தால் பிள்ளை வராமலா இருக்கும்?
பெற்றாள், பெற்றாள்,
பெற்றதை ஒருநாளும் எண்ணிப் பார்த்ததில்லை.
எண்ணாததால்தான் அவள் தாய்.
எண்ணுகிறவள் சூப்பர்வைசர்.

நானும் அவளும் பாயான் லெப்பாஸில்
பத்தொன்பது வருடம் அடுத்தடுத்த நாற்காலி.
கண் மட்டும் தெரியும் வெள்ளை உடுப்பு,
நுண்ணோக்கிக்குள் குனிந்த கழுத்து,
ஒரு தகட்டில் எத்தனை குறை என்று
இரவெல்லாம் எண்ணும் வேலை.
ஒரு நவம்பர் டிரான்ஸ்ஃபார்மர் வெடித்து
ரெலாவ் முழுக்க இருண்டபோது
புழுக்கம் தாங்காமல் மாடி ஏறினோம்.
அவள் கழுத்து அன்றைக்குத்தான் பின்னால் சாய்ந்தது.
"ஐயோ," என்றாள்,
"இத்தனை பேரா!"

பிறகு நிலவில்லாத வெள்ளிகளில் பூசை.
கற்பூரம் இல்லை, திருநீறு இல்லை,
இரண்டு இமைமேலும் ஈர விரல், அவ்வளவே.
படையலில் நெருப்பு படக்கூடாது:
ஊறிய அவல், கீறிய கொய்யா,
புஷ்பவதி பாலிக் புலாவிலிருந்து
பஸ்ஸில் மடியில் வைத்துக் கொண்டுவரும் பலாச்சுளை.
ஒன்பது மணிக்குக் கீழே போன் போகும்.
மக்சிக் ரோஸ்னா தாழ்வார விளக்கை அணைப்பார்,
மின்கட்டணம் குறையுமென்று.
பன்னிரண்டாம் மாடி ஓய் குடும்பம்
ஏனென்று கேட்காமலே அணைக்கும்.
அப்படியும் பாலத்து விளக்கு விடாது,
கணவாய் பிடிக்கும் படகு விடாது,
இறங்கும் விமானத்தைப் பார்த்து
இரண்டுமுறை கன்னத்தில் போட்டுக்கொண்டோம்.
ஒருநாள் ஏழு பேர் தெரிந்தார்கள்,
ஒருநாள் பதினொன்று.
புகைமூட்ட மாதங்களில் ஒருவர்கூட இல்லை.
அப்போதும் பூசை உண்டு.
பிள்ளைகள் தூங்குகிறார்களென்று
மெல்லப் பேசுவோம்.

"கழித்துப் போட்ட தகடு இது," என்பாள் கோகிலவாணி,
புதிதாக வருகிறவர்களிடம்.
"தள்ளினதை எடுத்து வைத்தோம்.
தள்ளினவர்களுக்கெல்லாம் இவள் தாய்."
அப்போது அழுகிறவர்கள் உண்டு.
வேலை போனவள், வீட்டில் சேர்க்காதவள்,
காரணம் சொல்லாமல் வந்து நின்றவள்.

நான் தொட்டியின் பின்னால் நின்று
அவல் கிண்ணத்தைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

கழிவென்று சிவப்பு மசியில் குறித்தவள் நான்.
அதிகாலை மூன்றரை.
மூன்றுமுறை பார்த்தேன், கண்ணைத் துடைத்துப் பார்த்தேன்.
அதில் ஒரு குறையும் இல்லை.
அத்தனை வருடத்தில் அப்படி ஒன்றை
அன்றுதான் கண்டேன்.
அதை அரிசி அரிசியாய் அறுத்து
எவர் காருக்கோ, எவர் கைப்பேசிக்கோ
அனுப்ப மனம் வரவில்லை.
பொய்யாய் ஒரு கையெழுத்து.
அவ்வளவுதான் என் பக்தி.

போன மாதம் நிர்வாகக் குழுவின் கடிதம் வந்தது:
அனுமதியற்ற கட்டுமானம், பதினான்கு நாள்.
கல்லைத் தூக்கினால் கட்டுமானம் இல்லையே என்று
கோகிலவாணி கல்லைத் தூக்கிவிட்டாள்.
இப்போது அம்மை வெறுந்தரையில்.

நேற்று என் முறை. ஈரத்துணியால் துடைத்தேன்.
இருட்டில் விரல் எதிலோ தடுக்கியது.
நீளமாய் ஒரு கீறல்,
காக்கை நகமோ, பலாக் கத்தியோ.
குனிந்தேன், பழக்கம்,
எண்ணத் தொடங்கினேன்.
ஒன்று.
என் கையெழுத்து ஒருவழியாய் உண்மையாகிவிட்டது.

கோகிலவாணியிடம் சொல்லலாமென்று திரும்பினேன்.
அவள் அண்ணாந்து நின்றாள்.
கீழே பி பிளாக்கில் யாரோ ஒருவர்
கடைசி விளக்கையும் அணைத்தார்.
தகட்டின் கீறலுக்கு இந்தப் பக்கம் இரண்டு,
அந்தப் பக்கம் ஒன்று,
கண்திறந்து படுத்திருந்தன.
எண்ணியதற்கு மன்னிப்புக் கேட்டபடி
தகட்டை எடுத்து
நெஞ்சோடு அணைத்தேன்.