இரண்டு சிறு மணிகள்

தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று
என்பார்கள்.
லண்டனில் அந்த வருஷம் முறை மாறிவிட்டது.
ஜனவரிக் குளிரில் தலை போயிற்று;
ஆகஸ்ட் வரை பெட்டியிலேயே கிடந்தது முடி.

தேம்ஸ் கரைக் கோட்டையில்
கணக்கெழுத உட்கார்ந்தான் ஒபதியா திர்கெல்.
சட்டையில் ஒரு பொத்தான் இல்லை.
நாடாளுமன்றத்தின் உத்தரவு:
எல்லாவற்றையும் நொறுக்கு, உருக்கு, காசாக்கு.
அதற்கு முன் எழுதிவை.

ராணியின் முடி ஒன்று.
பொன்னென்று நம்பித்தான்
தலைமுறை தலைமுறையாகக் குனிந்திருக்கிறார்கள்.
உரைகல்லில் தேய்த்ததும் சாயம் வெளுத்தது.
வெள்ளி, மேலே பொன்பூச்சு.
பதினாறு பவுண்டு.

அடுத்தது யாரோ பழைய அரசனுடையதாம்.
எவ்வளவு பழையவன் என்று கேட்டால்
ஆளுக்கொரு நூற்றாண்டு சொன்னார்கள்.
பொற்கம்பியை முறுக்கி
மீன்கூடை பின்னுவதுபோலப் பின்னியிருந்தது.
கற்கள் சுமார்தான்,
ஒன்றிரண்டு கண்ணாடியாகவும் இருக்கலாம்.
விளிம்பில், காதருகே வரும் இடத்தில்
இரண்டு சிறு மணிகள்.

மணிமுடி என்று சொல்லும்போது
நாம் கல்லைத்தான் நினைக்கிறோம்.
இதில் நிஜமாகவே மணி.

"இது எதற்கு?" என்றான்
உலையைப் பார்த்துக்கொள்ளும் ஜேபெஸ் க்ரௌல்.
"ஆட்டுக்குக் கட்டுவார்கள், வல்லூறின் காலில் கட்டுவார்கள்,
தொலைந்தால் தேடிப் பிடிக்க.
அரசன் எங்கே தொலையப் போகிறான்?"
சிரித்தார்கள் இருவரும்.
பிறகு, என்ன சொன்னோம் என்று உறைத்து,
கதவைப் பார்த்தார்கள்.

தராசில் எழுபத்தொன்பதரை அவுன்ஸ்.
அவுன்ஸ் மூன்று பவுண்டு.
திர்கெல் பெருக்கிக்கொண்டிருந்தபோது
க்ரௌல் முடியைத் தூக்கி
லேசாக ஆட்டினான்.

பெரிய சத்தமில்லை.
பக்கத்தில் யாரோ
கூப்பிட்ட குரலுக்கு மெல்லத் தலைதிருப்பினால்
எவ்வளவு கேட்குமோ அவ்வளவு.

இருநூற்று நாற்பத்தெட்டரை என்று எழுதினான் திர்கெல்.
விடை இருநூற்று முப்பத்தெட்டரை.
மை காய்ந்த பிறகுதான் தெரிந்தது,
பத்து பவுண்டு கூடுதல்.
அடித்துத் திருத்தினால்
கை சுத்தமில்லை என்பார்கள்.
விட்டுவிட்டான்.

செய்கூலி கிடையாது, சேதாரம் கிடையாது.
கல்லை நெம்பினார்கள்,
கம்பியைக் கத்தரித்தார்கள்,
மூசைக்குள் அது நெளிந்து, சுருண்டு,
மஞ்சள் தண்ணீரானது.
மணிகளும்தான்.
மணியின் நாக்குகள் மட்டும் இரும்பு.
உருகாமல் கிடந்தவற்றைக்
கசடோடு வழித்துக் கொட்டினான் க்ரௌல்.
பொன், சிப்பாய்களின் சம்பளமாயிற்று,
கப்பல் கயிறாயிற்று, கொஞ்சம் பீராயிற்று.

பதினோரு வருஷத்தில் மகன் திரும்பி வந்தான்.
இப்போது தலை இருந்தது, முடி இல்லை.
பழையதைப் போலவே வேண்டுமாம்.
பார்த்தவர்கள் யார், பார்த்தவர்கள் யார் என்று
தேடிய பொற்கொல்லர்
திர்கெல் வீட்டுக் கதவைத் தட்டினார்.

வளைவுகள் எத்தனை?
இரண்டு.
நடுவில் குழிந்தா, நிமிர்ந்தா?
குழிந்து என்றுதான் ஞாபகம்.
நான்கு சிலுவை, நான்கு அல்லி,
உள்ளே வெல்வெட், அடியில் வெண்மயிர் விளிம்பு.
மணி ஏதாவது இருந்ததா?

இறகுப்பேனா காத்திருந்தது.
மணி என்றால் பட்டியலைத் தேடுவார்கள்.
பட்டியல் கிடைத்தால் பெருக்கிப் பார்ப்பார்கள்.
"இல்லை" என்றான் திர்கெல்.

அப்படியே செய்தார்கள்.
ஏறக்குறைய ஐந்து ராத்தல்;
தலைக்கனத்தை அங்கே நிறுத்தே சொல்லலாம்.
கற்கள் வாடகைக்கு வந்தன.
சூட்டிய நாளில் கண் கூசிற்று.
விழா முடிந்ததும் இடுக்கியோடு ஆட்கள் வந்து
எண்ணி எடுத்துக்கொண்டு போனார்கள்.
பல்லில்லாத வாயாகப்
பெட்டிக்குத் திரும்பியது முடி.

அன்று தேவாலயத்துக்கு வெளியே
கூட்டத்தோடு நின்றிருந்தான் திர்கெல்.
பீரங்கி முழங்கிற்று.
பக்கத்துப் பெண்ணின் குழந்தை வீறிட்டது.
வேறு எதுவும் கேட்கவில்லை அவனுக்கு.

வீடு திரும்பும் வழியில்
யாருடைய ஆடோ வேலி தாண்டி வந்து
தனியாக மேய்ந்துகொண்டிருந்தது.
காலடி கேட்டுத் தலையைத் தூக்கியது.
கழுத்தில் மணி.

நடுப்பாதையில் நின்று
மூன்று எழுபத்தொன்பதரை
என்று முணுமுணுக்கத் தொடங்கினான்.