இரண்டு மதிப்பெண் கேள்வி

காரைக்குடியில் விடைத்தாள் திருத்தும் முகாம்,
மூன்றாம் நாள், கத்திரி வெயில்.
மின்விசிறி தாள்களைப் புரட்டுகிறது,
எங்களுக்குக் காற்று இல்லை.
கட்டுக்கு நாற்பது தாள்.

கேள்வி எட்டு:
ஸ்னெஃப்ருவின் நூபியப் படையெடுப்பு, குறிப்பு வரைக.
விடைக்குறிப்பில்
ஏழாயிரம் கைதிகளுக்கு ஒரு மதிப்பெண்,
இரண்டு லட்சம் கால்நடைக்கு ஒன்று.

முப்பத்தேழு பேர் அப்படியே எழுதியிருந்தார்கள்.
ஒருவன் லட்சத்தை மறந்து
இரண்டு மாடுகள் என்று முடித்திருந்தான்.
எகிப்து நடத்தியதிலேயே
கருணையான போர் அதுதான்.

முப்பத்தொன்பதாவது தாள்.
பெயர் கிடையாது, பதிவெண் மட்டும்.
வலப்பக்கம் சாய்ந்து ஓடும் நீல எழுத்து:
"ஏழாயிரம் பேர், இரண்டு லட்சம் உருப்படி.
கறவையை ஒருவேளை கறக்காமல் விட்டாலே
மடி கல்லாகிவிடும்.
ஓட்டிப் போன வழியில் கறந்தது யார்
கன்றுகள் எத்தனை நாள் நடந்தன"
அவ்வளவுதான். கேள்விக்குறிகூட இல்லை.

இருபத்திரண்டு வருஷமாக இந்தப் பாடம் என்னுடையது.
வில்லின் நாடு என்று கரும்பலகையில் எழுதுவேன்,
அது எகிப்தியர் வைத்த பெயர்.
அங்கிருந்தவர்கள் தங்கள் மண்ணை
என்ன சொல்லி அழைத்தார்கள், தெரியாது.
நைல் பாறைகளில் தடுக்கி விழும் இடத்துக்குத் தெற்கே
முட்டையோட்டுக் கனத்தில் பானை வனைந்தவர்கள்.
அங்கே ஒரு பாறையில் படகு கீறியிருக்கிறது,
முனையில் கழுத்தோடு கட்டிய ஒருவன்.
ஸ்னெஃப்ருவுக்குப் பல தலைமுறை முந்தியவன்.
தேர்வுக்கு வராது என்று
அவனைத் தாண்டிவிடுவேன்.

நம்மிடம் இதற்குப் பூவே இருக்கிறது.
நிரை கவரப் போகிறவன் வெட்சி சூடுவான்,
மீட்கப் போகிறவன் கரந்தை.
மீட்கையில் விழுந்தவனுக்கு நடுகல்.
நைல் கரைக் கல்லிலோ கவர்ந்தவன் கணக்கு மட்டும்.
நாட்டை வெட்டிக் கொத்தியது என்று ஒரு வரி,
பிறகு எண்கள்.
கரந்தை சூடியவன் உண்டா, கல் சொல்லாது.

தேநீர் வந்தது.
டோக்கன் பின்புறம் கணக்குப் போட்டேன்.
மாட்டுக்கு இரண்டு மீட்டர் என்றால்
நானூறு கிலோமீட்டர்.
கடைசி வால் காரைக்குடியில் நின்றால்
முதல் மூக்கு சென்னையில்.
திருச்சி, விழுப்புரம், செங்கல்பட்டு,
வழியெல்லாம் கட்டிப்போன மடிகள், கதறல்.
ராஜா கூட்டிச் சொல்லியிருக்கலாம்.
பாதி என்றே வைத்தாலும்
விழுப்புரம் தாண்டாவிட்டாலும் திருச்சி தாண்டும்.

எண்கள் எனக்குப் புதிதில்லை.
எங்கள் வீட்டு இரண்டாம் கட்டில்
பூட்டிய பெட்டிக்குள் ஐயாவின் பேரேடு,
சிவமயம் என்று தொடங்கும்.
பியாபோன் கடை வரவு:
"கடன் தீராத வகையில் வந்த நிலம்
இருநூற்றுப் பன்னிரண்டு ஏக்கர்."
அடித்தல் திருத்தல் இல்லை, கூட்டல் சரி.
அந்த வருஷம் அங்கே நாற்று நட்டது யார்,
வரப்பில் நின்று பார்த்தது யார்,
பற்றிலும் இல்லை, வரவிலும் இல்லை.
அந்த மண்ணின் தேக்கில் சாய்ந்துதான்
தேர்வுக்குப் படித்தேன் நான்,
ஏழாயிரம், இரண்டு லட்சம் என்று உரக்க.

தாளைச் சின்னையா சாரிடம் கொண்டுபோனேன்.
கண்ணாடியை ஏற்றி வாசித்தார்.
"ராஜா பேரே எழுதலையே உண்ணாமலை.
கேள்விக்குக் கேள்வி கேட்டா எப்படி?
எண் சரி, ஒண்ணு போடு."
போட்டேன்.

மணி மூன்று இருக்கும்.
அவராகவே என் மேசைக்கு வந்தார்.
"மடி கட்டினா
கிட்ட வர்ற கன்னையே உதைக்கும்" என்றார்.
வேறெதுவும் சொல்லாமல் போய்விட்டார்.

ஒன்றை அடித்து இரண்டாக்கினேன்,
பக்கத்தில் கையெழுத்து.
இரண்டுக்கு மேல் போட வழியில்லை.
ஓரத்தில் எழுதவும் அனுமதியில்லை.

நாற்பதாவது தாள், அச்சடித்த மாதிரிக் கையெழுத்து.
ஏழாயிரம், சரி.
இரண்டு லட்சம்